நவம்பர் 8க்கும் கொடி ஏற்றுங்கள்: ஜெர்மன் அரசுக்கு ஒரு திறந்த மடல்

ஜெர்மன் கூட்டாட்சி அரசை நடத்துகிறவர்களுக்கு வணக்கம்.

ஜூலை 20 வந்தால் அரசுக் கட்டடங்களில் கொடி ஏற்றுகிறீர்கள், பெர்லினில் மலர்வளையம் வைக்கிறீர்கள். 1944இல் ஹிட்லருக்குக் குண்டு வைத்த கர்னல் ஸ்டாஃபன்பெர்க்குக்கும் அவருடைய கூட்டாளிகளுக்கும் அந்த மரியாதை தகும், அதில் எனக்குச் சண்டையே இல்லை. ஆனால் அதற்குக் கிட்டத்தட்ட ஐந்து வருஷம் முந்தியே, போர் தொடங்கிப் பத்து வாரம்கூட ஆகாத நேரத்தில், கேயோர்க் எல்சர் என்ற மர ஆசாரி அதே காரியத்தைத் தனியாளாகச் செய்யப் பார்த்தாரே, அவருடைய நவம்பர் 8க்கு மட்டும் ஏன் கொடி இல்லை?

அவர் செய்த வேலையைக் கொஞ்சம் பாருங்கள். மியூனிக்கில் ஹிட்லர் வருஷாவருஷம் பேசும் பியர் மண்டபத்துக்கு ராத்திரி போய்ச் சாப்பிடுவார், மூடும் நேரத்தில் ஒளிந்துகொள்வார், ஆளெல்லாம் போனபிறகு மேடைக்குப் பின்னால் இருந்த தூணை மண்டிபோட்டுக் குடைவார். இப்படி முப்பது ராத்திரிக்கு மேல். முழங்கால் சீழ் பிடித்துவிட்டது. பலமாகத் தட்ட வேண்டியிருந்தால் கழிப்பறையில் தண்ணீர் தானாகக் கொட்டும் சத்தத்துக்காகக் காத்திருப்பார். தூணை யாராவது தட்டிப் பார்த்தால் உள்ளே வெற்றிடம் என்று தெரியக்கூடாதென்று தகடு அடித்தார், கடிகாரச் சத்தம் வெளியே வராமலிருக்கத் தக்கை வைத்தார். கடிகாரத் தொழிற்சாலையில் வேலை பார்த்த கை அல்லவா, 1939 நவம்பர் 8 இரவு 9.20க்குச் சொன்னபடி வெடித்தது. மூடுபனியால் விமானத்தை விட்டு ரயிலில் போக வேண்டியிருந்த ஹிட்லர் 13 நிமிஷம் முன்பே கிளம்பிவிட்டான்.

எட்டுப் பேர் செத்தார்கள், அதில் ஒருவர் அங்கே பரிமாறிய பெண். இதை மறைக்கச் சொல்லவில்லை. ஆனால் இதனால்தான் தயங்குகிறீர்கள் என்றால், ஸ்டாஃபன்பெர்க்கின் குண்டுக்கும் நாலு பேர் பலியானார்கள், ஒருவர் வெறும் சுருக்கெழுத்தாளர். அதற்காக யாரும் கொடியை இறக்கவில்லையே?

எனக்குப் படுவது வேறு. விசாரணையில் 'ஏன் செய்தாய்' என்று கேட்டபோது எல்சர் கூலிக்கணக்குச் சொன்னார்: 1929இல் ஆசாரிக்கு மணிக்கு ஒரு மார்க், இப்போது 68 ஃபெனிக் (நூறு ஃபெனிக் ஒரு மார்க்). அப்புறம் தொழிலாளி நினைத்தபடி வேலை மாற முடியாதது, பிள்ளைகளை ஹிட்லர் இளைஞர் அமைப்பு பிடுங்கிக்கொள்வது, வரப்போகும் போர். நாஜிகளின் எஸ்எஸ் படைக்கும் போலீசுக்கும் தலைவனான ஹிம்லருக்கு இது நம்பும்படி இல்லை, பின்னால் பிரிட்டிஷ் உளவுத்துறை இருக்கும் என்றே தேடினான். 1945 ஏப்ரல் 9 அன்று டாஹாவ் வதைமுகாமில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். போருக்குப் பிறகு நாஜிகளை எதிர்த்துச் சிறையிருந்த பாதிரியார் நீமோல்லரே அவரை எஸ்எஸ் ஆள் என்றார்! எட்டு மணிநேரம் கூலிக்கு உழைப்பவனுக்குச் சொந்த மூளை இருக்கும் என்று மட்டும் ஒருவருக்கும் தோன்றவில்லை. 1960களில் விசாரணைப் பதிவேடு கிடைத்தபிறகுதான் அந்தப் பேச்சு அடங்கியது.

பெர்லினில் எல்சருக்கு 17 மீட்டர் உயர நினைவுச்சின்னம் வைத்தாகிவிட்டது என்பீர்கள். சரி, நல்லது. ஆனால் நான் கேட்பது அரசு விழா. நவம்பர் 9இல் ஏற்கனவே 1938இன் யூதர் மீதான வெறியாட்டத்தை நினைவுகூர்கிறீர்கள். அதற்கு முந்தின இரவு மியூனிக்குக்கு வாருங்கள். முன்வரிசையில் அமைச்சர்களோடு தச்சுப்பட்டறையில் தொழில் பழகும் பிள்ளைகளையும் உட்கார வையுங்கள், அந்தக் கூலிக்கணக்கை ஒருவர் உரக்க வாசிக்கட்டும்.