செஸ்ட் நம்பர் 27

அன்புள்ள 27-க்கு,

உன் பெயரை எழுதவில்லை. நம் ஊரில் யார் வீட்டு மருமகள் காலையில் யாருக்கு வாட்ஸ்அப் அனுப்பினாள் என்பது வரை எல்லாருக்கும் தெரியும். இதையும் படிப்பார்கள். நீ படித்தால் உனக்குத்தான் என்று தெரிந்துவிடும். ஓட்டப் பந்தயத்துக்காக அந்த எண்ணை வெள்ளைத் துணியில் இந்தியன் இங்க்கால் எழுதியவளும் நான்தான், நாலு மூலையிலும் ஊக்குக் குத்தி அனுப்பியவளும் நான்தான்.

போன மாதம் உன் அப்பச்சி (அப்பா) இறந்ததற்குக் கேதம் கேட்க வந்தபோது நீ வளவு முற்றத்தில் தூணோரம் உட்கார்ந்திருந்தாய். என்னைப் பார்த்ததும் பக்கத்தில் இருந்தவர்களிடம், "எங்க பி.டி டீச்சர். இவுக வீட்டுக்கே வந்து கேட்டாக. அப்பச்சி விடல. விட்டிருந்தா நான் எங்கேயோ போயிருப்பேன்" என்றாய். அழுகையோடு சொன்னதால் யாரும் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. நானும் ஆமாம் என்று தலையை ஆட்டினேன். கேத வீட்டில் போய்வருகிறேன் என்று சொல்லக்கூடாது என்கிற வழக்கம் அன்றைக்கு எனக்கு வசதியாகப் போயிற்று. பேசாமல் எழுந்து வந்துவிட்டேன்.

உன் அப்பச்சி விட்டார். வேண்டாம் என்று சொன்னது நான்.

இதை 39 வருஷமாகச் சொல்லவில்லை. அவர் உயிரோடு இருந்தபோது சொல்லியிருக்க வேண்டும். இப்போது சொல்வதில் யாருக்கு என்ன லாபம் என்று நீ கேட்டால், பதில் என்னிடம் இல்லை. தூணோரம் உட்கார்ந்து நீ சொன்ன அந்த வாக்கியத்தோடு என்னால் தூங்க முடியவில்லை, அவ்வளவுதான்.

1986. சியோல் ஆசிய விளையாட்டு முடிந்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை. பி.டி. உஷா நாலு தங்கம், ஒரு வெள்ளி. உன் ஜியாமெட்ரி பாக்ஸ் மூடிக்குள் யார் படம் இருந்தது என்பதை உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. மாவட்டம் பிரிந்த மறு வருஷம் அது. ராமநாதபுரம் வரை போகவேண்டாம், சிவகங்கையிலேயே போட்டி என்று நீ குதித்துக்கொண்டிருந்தாய். சாயங்காலம் நான் உங்கள் வீட்டுக்கு வந்தேன். காபி போடச் சொல்லி அப்பச்சி உன்னை உள்ளே அனுப்பினார். உங்கள் வீடு ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடிகிற வீடு. முகப்பில் பேசுவது அடுப்படிக்குக் கேட்காது.

மூன்று கேள்விதான் கேட்டார். ராத்திரி எங்கே படுப்பீர்கள், கூட யார் வருகிறார்கள், என்ன உடுப்பில் ஓட வேண்டும். ட்ராயர் என்றேன். கொஞ்ச நேரம் கணக்குப் பேரேட்டையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "உஷாவும் அதத்தானே போட்டிருக்கு" என்றார். அப்புறம் குரலை இறக்கி, "ஓடுனா கர்ப்பப்பை எறங்கிரும்னு எங்க ஆத்தா சொல்லுது. நெசமா டீச்சர்?" என்றார்.

எனக்கு அந்தப் பாடம் மனப்பாடம். 1928, ஆம்ஸ்டர்டாம். பெண்களுக்கு முதல் முறையாக ஒலிம்பிக்கில் 800 மீட்டர் வைத்தார்கள். இறுதிப் போட்டியில் ஒன்பது பேர் ஓடினார்கள், ஒன்பது பேரும் ஓடி முடித்தார்கள், ஜெர்மனியின் லினா ராட்கே உலக சாதனையோடு ஜெயித்தார். ஆனால் பாதிப் பேர் மயங்கி விழுந்தார்கள் என்று பத்திரிகைகள் எழுதின. பெண் உடம்பு தாங்காது என்று அந்தப் போட்டியையே எடுத்துவிட்டார்கள். மறுபடி வைத்தது 1960-ல், ரோமில். நடுவே 32 வருஷம். உங்கள் அப்பத்தா சொன்னதைத்தான் கோட்டும் டையும் போட்ட ஐரோப்பிய டாக்டர்களும் சொன்னார்கள் என்று விளக்கினேன். நன்றாகவே விளக்கினேன், கிளாஸ் எடுக்கிற மாதிரி.

அவர் கேட்டுவிட்டு, "அப்பச் சரி. நீங்க கூட இருந்தா அனுப்புறேன். பங்காளிக ஏதாச்சும் பேசுனா நான் பாத்துக்கிறேன்" என்றார்.

அந்த நிமிஷம்தான் எனக்கு வயிற்றைக் கலக்கியது. அவர் மாட்டேன் என்பார் என்று நம்பித்தான் நான் வந்திருந்தேன்.

காரணம் சொல்கிறேன். சமாதானம் என்று நினைத்தாலும் சரி. அதற்கு முந்தின வருஷம் வெளியூர்ப் போட்டிக்கு ஐந்து பிள்ளைகளை அழைத்துப் போயிருந்தேன். ஒரு வகுப்பறையில் தங்கவைத்தார்கள். கதவுக்கு உள்தாழ்ப்பாள் கிடையாது. இரண்டு பெஞ்சைக் கதவுக்கு முட்டுக்கொடுத்துவிட்டு விடிய விடிய உட்கார்ந்திருந்தேன். அன்று ராத்திரி நடந்ததை இங்கே எழுத மாட்டேன். அந்தப் பிள்ளைகளில் ஒருத்தி இன்று பேரன் எடுத்தவள். எதுவும் ஆகிவிடவில்லை, அது போதும். திரும்பி வந்ததும் என்னிடம் ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார்கள். இனிமேல் எது நடந்தாலும் முழுப் பொறுப்பும் உடற்கல்வி ஆசிரியையைச் சாரும் என்று. எனக்கு 26 வயது. என்னையே யாராவது துணைக்கு வந்து பஸ் ஏற்றிவிட வேண்டிய வயது.

கண்ணூரை நினைத்துக்கொள்வேன். 1976-ல் கேரள அரசு அங்கே பெண்பிள்ளைகளுக்கென்று விளையாட்டுப் பள்ளி தொடங்கியது. விடுதி, சோறு, பயிற்சியாளர் எல்லாம் சேர்த்து. உஷா அதில் முதல் செட். உஷாவுக்குக் காலும் இருந்தது, கட்டிலும் இருந்தது. இங்கே காரைக்குடியில் அழகப்பச் செட்டியார் பேரில் உடற்கல்விக்கு ஒரு கல்லூரியே இருந்தும், சுற்றுப்பட்டுப் பிள்ளையை ஒரு ராத்திரி பத்திரமாகப் படுக்கவைக்க எனக்கு ஒரு தாழ்ப்பாள் கிடைக்கவில்லை. நான் படித்த காலத்தில் இந்தக் கவலையும் இல்லை, எங்களை எங்கும் அனுப்பவே மாட்டார்கள். விளையாட்டு விழா என்றால் பெண்களுக்கு எலுமிச்சை ஸ்பூன், மியூசிக்கல் சேர், ஊசியில் நூல் கோர்ப்பது. ரொம்பப் போனால் தாவணியை இடுப்பில் செருகிக்கொண்டு வளையப்பந்து. ஊசியில் நூல் கோர்ப்பதில் எனக்கு முதல் பரிசு, எவர்சில்வர் டம்ளர். பொய் சொல்லவில்லை.

இவ்வளவும் நிஜம். ஆனால் இன்னொன்றும் இருக்கிறது. போட்டி நடந்த இரண்டாம் நாள் என்னைப் பெண் பார்க்க வருவதாக இருந்தது. அதற்கு முன் வந்த இரண்டு இடமும், பொண்ணு ட்ரவுசர் பிள்ளைகளோடு ஊர் ஊராகப் போகிறதாமே என்று தட்டிப்போயிருந்தது. எந்தக் காரணத்துக்காக உன் பெயரை அடித்தேன் என்று கேட்டால், இரண்டுக்கும்தான் என்று சொல்லப் பார்ப்பேன். இல்லை. இரண்டாவதுக்குத்தான்.

அவரிடம், "இந்த வருஷம் வேண்டாங்க, என்னால பொறுப்பு எடுக்க முடியாது" என்றேன். அவர் ஏன் என்று கேட்கவில்லை. நீண்ட நேரம் என்னைப் பார்த்தார். அப்புறம் சொன்னதை அவர் சொன்னபடியே எழுதுகிறேன். "நீங்க வேணாம்னதா அதுகிட்டச் சொல்லாதீக. டீச்சர வெறுத்துருச்சுன்னா பள்ளிக்கூடத்தையும் வெறுத்துரும். நான் விடலைன்னே இருக்கட்டும்."

நீ காபியோடு வந்தாய். மீதி உனக்குத் தெரியும்.

ஆனால் நீயும் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் இல்லையா? ஏன் அப்பச்சி என்று ஒரே ஒரு தடவை? இத்தனை வருஷத்தில் ஒரு நாள்? மனசுக்குள் வைத்து வைத்து, கடைசியில் அவர் இல்லாத வளவில், ஊர் முன்னால் சொன்னாய். எனக்குக் கோபம் வந்தது. சொல்ல எனக்கு அருகதை இல்லைதான், இருந்தாலும் வந்தது. இன்னொன்றும் கேட்டுவிடுகிறேன். உன் மகள் பாஸ்கெட்பால் நன்றாக ஆடுவாள் என்று கேள்விப்பட்டேன். பத்தாம் வகுப்பில் அதை நிறுத்தியது யார்? ட்யூஷன் நேரம் இடிக்கிறது என்று சொன்னாயாம். உன் அப்பச்சி எதையும் நிறுத்தவில்லை. நான் நிறுத்தினேன், நீ நிறுத்தினாய்.

சரி, இதை எழுதியிருக்க வேண்டாம். அழிக்கவும் மனசில்லை.

ட்ராக் போட நீதானே டேப்பின் மறுமுனையைப் பிடிப்பாய். சுண்ணாம்புப் பொடி உன் பாவாடையெல்லாம். வெளி லேன்காரி மட்டும் ஏன் முன்னால் நிற்கிறாள் என்று கேட்டாய். 1.22 மீட்டர் அகல லேன் என்றால், ஒரு சுற்றுக்கு லேனுக்கு ஏழரை மீட்டருக்குக் கொஞ்சம் கூட முன்னால் விடவேண்டும், மைதானம் சின்னதோ பெரிதோ கணக்கு ஒன்றுதான் என்றேன். "ஏழரையா டீச்சர்? அப்ப நாலாம் லேன்ல எனக்கு மூணு சனி" என்று சிரித்தாய். அந்தச் சிரிப்பை அப்புறம் நான் பார்க்கவில்லை.

2006-ல், பக்கத்துப் புதுக்கோட்டை மாவட்டம் கத்தக்குறிச்சியிலிருந்து போன சாந்தி, தோஹா ஆசிய விளையாட்டில் 800 மீட்டரில் வெள்ளி வாங்கினார். ஊரே கொண்டாடியது. சில நாளில் பாலினச் சோதனை என்று சொல்லிப் பதக்கத்தைப் பறித்துவிட்டார்கள். அன்று டிவி முன்னால் உட்கார்ந்து, நல்லவேளை நம்ம பிள்ளை போகவில்லை என்று நினைத்தேன். ஒரு கணம்தான். நான் செய்ததற்கு இப்படி ஒரு நியாயம் கிடைத்ததே என்று என் மனசு ஓடியது பார், அதற்கு இந்தக் கடிதம் முழுக்க எழுதினாலும் போதாது.

கடைசியாக ஒன்று. அன்று பேரேட்டுக்குப் பின்னால் ஓர் அட்டைப்பெட்டி இருந்தது. நீ காபியோடு வருகிற சத்தம் கேட்டதும் அதைக் காலால் தள்ளி மறைத்தார். நான் கிளம்பும்போது வாசல்வரை வந்து, "வேற பிள்ளைக்கு ஆகும்" என்று என்னிடம் கொடுத்துவிட்டார். வெள்ளைக் கேன்வாஸ் ஷூ. நான் வந்து கேட்பதற்கு முன்னாலேயே வாங்கி வைத்திருக்கிறார். அதைப் போட்டுக்கொண்டு நம் பள்ளிக்கூடத்தில் மூன்று பிள்ளைகள் அடுத்தடுத்து ஓடினார்கள், அடி பிய்ந்து போகும்வரை.

அளவு 5. உன் அளவுதான், எனக்குத் தெரியும். ஆனால் நீ வெறுங்காலோடு ஓடுகிறவள், அதுவரை ஷூவே போட்டதில்லை. அவருக்கு எப்படித் தெரிந்தது? எப்போதாவது உன் காலை நூல் வைத்து அளந்தாரா? நினைவிருக்கிறதா?

உன்
பி.டி டீச்சர்