மணல்திட்டுகளை அறிந்த மனிதர்

அன்புள்ள கதிரேசன் அவர்களுக்கு,

வணக்கம். கண்புரை அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்துவிட்டது. மருத்துவர் படிக்க அனுமதித்த அன்றே நான் கையில் எடுத்தது எர்ஸ்கின் சில்டர்ஸின் 'தி ரிடில் ஆஃப் தி சாண்ட்ஸ்' நாவலைத்தான். பிரிட்டிஷ் கடற்படையை வலுப்படுத்தச் சொன்ன ஒருவர், பின்னாளில் அந்த அரசுக்கு எதிராகத் துப்பாக்கி கடத்தினார் என்றால் அவருடைய எழுத்தில் எதை நம்புவது என்று சென்ற கடிதத்தில் கேட்டிருந்தீர்கள். அந்தக் கேள்வியை மனத்தில் வைத்துக்கொண்டுதான் இம்முறை படித்தேன்.

நாவல் 1903இல் வெளிவந்தது. அப்போது அவர் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் எழுத்தராக இருந்தார். தென்னாப்பிரிக்காவில் நடந்த போயர் போரிலும் பணியாற்றித் திரும்பியிருந்தார். ஆனால் கதையின் விதை 1897இல் விழுந்தது. அந்த ஆண்டு 'விக்சன்' என்ற சிறிய பாய்மரப் படகில் அவர் ஜெர்மனியின் ஃப்ரீசியத் தீவுகளைச் சுற்றி பால்டிக் கடல்வரை சென்று வந்தார். அந்தத் தீவுகளுக்கும் கரைக்கும் நடுவிலுள்ள கடல், நீர் வற்றும்போது பல மைல்களுக்கு வெறும் மணலாகிவிடும். ஓதம் ஏறினால் மறுபடி கடலாகும். நமக்கு எம்டன் என்றால் 1914இல் சென்னையைக் குண்டு வீசித் தாக்கிய கப்பலும், அதிலிருந்து நம் பேச்சில் ஒட்டிக்கொண்ட 'அவன் பெரிய எம்டன்' என்ற வழக்கும்தான். அக்கப்பலுக்குப் பெயர் கொடுத்த எம்டன் நகரம் இதே கரையில்தான் இருக்கிறது.

ஜெர்மனி அங்கே ஏழு சிறு துறைகளிலிருந்து இழுவைப்படகுகளைக் கொண்டு தட்டையான தோணிகளில் படையை ஏற்றி, காவலில்லாத இங்கிலாந்தின் கிழக்குக் கரையில் இறக்கத் திட்டமிடுகிறது என்பதே கதையின் மர்மம். திட்டம் கற்பனை, இடமோ உண்மை. வட கடலை நோக்கிய கடற்படைத் தளம் வேண்டும், சிறு படகோட்டிகளின் கரையறிவைப் பயன்படுத்த வேண்டும் என்பவை அவருடைய வாதங்கள். நூல் அச்சில் இருக்கும்போதே ஸ்காட்லாந்தின் ஃபோர்த் கழிமுகத்தில் தளம் அமைக்க அரசு முடிவெடுத்துவிட்டதை அவரே பின்குறிப்பில் எழுதிச் சேர்த்தார். 1910இல் இதே கரையை வேவு பார்க்கப் போய்ப் பிடிபட்ட இரு பிரிட்டிஷ் அதிகாரிகளில் ஒருவர், இந்நாவலைப் படித்திருப்பதாக ஜெர்மன் நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டார்.

இந்த வாதங்களைவிட என்னை ஆட்கொண்டது மூடுபனி அத்தியாயம். கதையின் நாயகர்களான டேவிஸும் கரதர்ஸும் ஒரு சிறு துடுப்புப் படகில் நார்டனே தீவிலிருந்து மெமெர்ட் மணல்திட்டுக்குப் போகிறார்கள். சற்றுத் தள்ளி எதுவும் தெரியாது, நீரும் வற்றிக்கொண்டிருக்கிறது. கரதர்ஸ் துடுப்பு வலிக்க, டேவிஸ் திசைகாட்டியையும் கடிகாரத்தையும் மட்டும் நம்பி, அவ்வப்போது ஆழம் பார்த்துக்கொண்டு, ஓடையிலிருந்து ஓடைக்குப் படகைத் திருப்பிக்கொண்டே போகிறான். நீர் குறையக் குறைய ஓடைகள் குறுகி, பார்வையில்லாதவனுக்குச் சுவர் துணை நிற்பதுபோல இரு கரைகளும் அவர்களுக்கு வழிகாட்டுகின்றன. சொந்தப் படகின் அடியில் மணல் உரசிய ஓசையைப் பலமுறை கேட்டவரால்தான் இதை எழுத முடியும். அவர் வாதத்தை நான் நம்பினேன் என்றால், அதற்கு முன்பே அவருடைய மணலை நம்பிவிட்டேன் என்பதே காரணம்.

இனி உங்கள் கேள்விக்கு வருகிறேன். 1914 ஜூலையில் அவரும் மனைவி மாலியும் சில தோழர்களும் 'ஆஸ்கார்ட்' என்ற தங்கள் படகில், பெல்ஜியக் கரைக்கு அப்பால் நடுக்கடலில் ஒரு ஜெர்மன் இழுவைப்படகிடமிருந்து 900 துப்பாக்கிகளை ஏற்றிக்கொண்டார்கள். அறை முழுவதும் துப்பாக்கிகள் அடுக்கப்பட்டதால், அவற்றின்மேல் மெத்தையை விரித்துப் படுத்தார்கள். ஜூலை 26 அன்று டப்ளினை அடுத்த ஹவுத் துறையில் அவற்றை, அயர்லாந்தின் தன்னாட்சிக்காகத் திரண்டிருந்த ஐரிஷ் தொண்டர் படைக்காக இறக்கினார்கள். சில நாட்களில் உலகப் போர் மூண்டது. அவர் பிரிட்டிஷ் கடற்படையிலேயே சேர்ந்து, அந்த ஆண்டு கிறிஸ்துமஸ் அன்று ஜெர்மனியின் குக்ஸ்ஹாவன் மீது நடந்த தாக்குதலில் கடல் விமானத்தில் பறந்து, தாம் எழுதிய அதே கரையை வானிலிருந்து பார்த்தார்.

இதில் இரண்டு மனிதர்கள் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. பெற்றோரை இழந்து அயர்லாந்தின் விக்லோவில் வளர்ந்தவர் அவர். சிறிய நாடுகளின் உரிமைக்காகவே இந்தப் போர் என்று இங்கிலாந்து சொன்னதை மெய்யாக எடுத்துக்கொண்டு, அந்த உரிமை அயர்லாந்துக்கும் உண்டு என்று கடைசிவரை நின்றார். 1921இல் பிரிட்டனோடு உடன்படிக்கை பேசிய ஐரிஷ் குழுவின் செயலராக இருந்தும் அதை ஏற்க மறுத்தார். உடன்படிக்கையை ஏற்றவர்களுக்கும் எதிர்த்தவர்களுக்கும் இடையே மூண்ட உள்நாட்டுப் போரின்போது, அதை ஏற்ற ஐரிஷ் தலைவர் மைக்கேல் காலின்ஸ் முன்பு அன்பளிப்பாகத் தந்த சிறு கைத்துப்பாக்கியை வைத்திருந்த குற்றத்துக்காக, 1922 நவம்பர் 24 அன்று ஐரிஷ் அரசே அவரைச் சுட்டுக் கொன்றது. சுடவிருந்த வீரர் ஒவ்வொருவரோடும் கைகுலுக்கினார். மரண உத்தரவில் கையெழுத்திட்டவர்களைத் தேடிப் போய்க் கைகுலுக்க வேண்டும் என்று 16 வயது மகனிடம் வாக்கு வாங்கியிருந்தார். அந்த மகன் 1973இல் அயர்லாந்தின் குடியரசுத் தலைவரானார். இந்த இடத்தில் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு நெடுநேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

நூலை இத்துடன் தபாலில் அனுப்புகிறேன். மூடுபனி அத்தியாயத்தில் காகிதம் செருகியிருக்கிறேன். நூலிலுள்ள வரைபடத்தை விரித்து வைத்துக்கொண்டு படியுங்கள். துறைமுகத்தில் முப்பது ஆண்டுகள் இருந்தவர் நீங்கள். அந்த நீரில், அந்த வேளையில், அப்படிப் போய்த் திரும்ப முடியுமா என்று எனக்கு எழுத வேண்டும்.

அன்புடன்,
சிவராமன்