நாமக்கல் வட்டார விடுதிப் பள்ளித் தாளாளர்களுக்கு: நாலரை மணி பெல்லைப் பற்றி ஒரு மடல்

மதிப்பிற்குரிய தாளாளர்களுக்கும் விடுதி வார்டன்களுக்கும் வணக்கம்.

திருச்செங்கோட்டில் மருந்துக்கடை வைத்திருக்கிறேன். பிள்ளைகளைப் பார்க்க ஞாயிற்றுக்கிழமை வரும் பெற்றோர் பலர் கடைக்கு வருவார்கள். சளி மருந்து, கொசுவர்த்தி, சேற்றுப்புண்ணுக்குக் களிம்பு என்று வாங்கிப் போவார்கள். ஒன்றிரண்டு பேர் மட்டும் கூட்டம் கலையும்வரை ஓரமாக நிற்பார்கள். அப்புறம் நாலாக மடித்த சீட்டை நீட்டி, "ஏனுங்ணா, அட்டைப்பெட்டி வேண்டாமுங்க, மாத்திரையை மட்டும் காகிதத்துல மடிச்சுக் குடுங்க" என்பார்கள். அது வலிப்பு மாத்திரையாக இருக்கும். வார்டனுக்குத் தெரிந்தால் டி.சி. கொடுத்துவிடுவார்களோ என்ற பயம்.

உங்களிடம் முக்கியமாக ஒன்றைக் கேட்கத்தான் எழுதுகிறேன். விடிகாலை பெல்லைத் தள்ளிப் போடுங்கள்.

பெரும்பாலும் 12 வயதுக்கும் 18 வயதுக்கும் நடுவில் தொடங்கும் ஒரு வலிப்பு நோய் உண்டு. ஜுவனைல் மயோக்ளோனிக் எபிலெப்சி என்று பெயர், நரம்பியல் டாக்டர்கள் ஜே.எம்.இ. என்று சுருக்கிச் சொல்வார்கள். 1957இலேயே டீட்டர் ஜான்ஸ் என்ற ஜெர்மன் டாக்டர் சக மருத்துவர் ஒருவரோடு சேர்ந்து இதை விரிவாக எழுதிவிட்டார். தூங்கி எழுந்த கொஞ்ச நேரத்தில் பிள்ளையின் கையோ தோளோ வெடுக்கென்று உதறும். பிரஷ் தெறித்து விழும், டம்ளர் கை நழுவும். நினைவு தப்பாது, கீழே விழவும் மாட்டார்கள், ஒரு நொடியில் முடிந்துவிடும். அதனால் யாரும் இதை நோயாக எடுத்துக்கொள்வதில்லை. மாதக்கணக்கில் இப்படியே போய், ஒருநாள் காலையில் பெரிய வலிப்பாக வரும்போதுதான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடுவோம்.

இந்த நோய்க்கான வாகு பெரும்பாலும் பிறப்பிலேயே வருகிறது. உங்கள் விடுதி அதை உண்டாக்கவில்லை. ஆனால் உள்ளே இருப்பதைக் கிளப்பிவிடுவதில் தூக்கக் குறைவுக்கு முதலிடம். அரைத் தூக்கத்தில் திடீரென்று எழுப்பினால் இன்னும் மோசம். இரவு பத்தரை வரை ஸ்டடி, காலை நாலரைக்கு பெல் என்று நீங்கள் போட்டிருக்கும் அட்டவணை, நோய் தலைகாட்டும் அதே வயதில், அது கிளம்பும் அதே நேரத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறது.

"சரி, ஒன்பதுக்கே படுக்கச் சொல்கிறோம்" என்று ஒரு வார்டன் என்னிடம் சொன்னார். பதின்வயதில் அது அவ்வளவு எளிதல்ல. தூக்கத்துக்கு உடம்பைத் தயார் செய்யும் மெலடோனின் என்ற சுரப்பு அந்த வயதில் இரவில் தாமதமாகத்தான் கூடத் தொடங்குகிறது. அதனால் படுத்தாலும் தூக்கம் வராது, காலையில் கண் திறக்காது. சோம்பேறித்தனம் என்று நாம் திட்டுவதில் பாதி இதுதான். மூளையும் அப்போது கட்டிமுடியாத வீடு. வேண்டாத இணைப்புகளைக் கழித்து, வேண்டியவற்றைப் பலப்படுத்தும் வேலை உள்ளே நடந்துகொண்டிருக்கிறது. திட்டமிடவும் ஆத்திரத்தை அடக்கவும் உதவும் மூளையின் முன்பகுதி முதிர்ந்து முடிய இருபதுகளின் நடுப்பகுதி ஆகிவிடும்.

13 முதல் 18 வயது வரை 8 முதல் 10 மணி நேரத் தூக்கம் வேண்டும் என்பது அமெரிக்கத் தூக்க மருத்துவக் கழகத்தின் கணக்கு. கலிபோர்னியாவில் 2022 முதல் உயர்நிலைப் பள்ளிகள் காலை எட்டரைக்கு முன் தொடங்கக் கூடாதென்று சட்டமே இருக்கிறது. அவ்வளவு தூரம் எதற்கு? நம் ஊரில் முட்டைக்கோழிக்கு 16 மணி நேரம் வெளிச்சம், 8 மணி நேரம் இருட்டு என்று பண்ணைக்காரர்கள் கணக்குப் பார்த்து விளக்கை அணைக்கிறார்கள். உங்களிலேயே சிலருக்குப் பண்ணை உண்டு. கோழிக்குக் கிடைக்கும் இருட்டு பிளஸ் டூ படிக்கும் பையனுக்குக் கிடைப்பதில்லை.

ரிசல்ட் போய்விடும் என்பீர்கள். மாநில ரேங்க் அறிவிப்பதை அரசு 2017இலேயே நிறுத்திவிட்டது. ஆனால் அதே வருஷம் நீட் வந்தது, பெற்றோர் விடமாட்டார்கள், தெரியும். இருந்தாலும் பகலில் படித்ததை மூளை நினைவில் பதியவைப்பது தூக்கத்தில்தான். கனவு வரும் தூக்கம் விடியலை ஒட்டித்தான் அதிகம். நாலரை பெல் வெட்டுவது அதைத்தான்.

பெல்லைத் தள்ளிப்போட்டாலும் வார்டன்களுக்கு வேலை இருக்கிறது. டம்ளரை அடிக்கடி கீழே போட்டதற்காக ஒரு பையனை, நடிக்கிறான் என்று சொல்லி, ஒரு பள்ளியில் மெஸ்ஸுக்கு வெளியே நிறுத்திவைத்தார்கள். கொஞ்ச நாளில் அவன் குளியலறையில் வலிப்பு வந்து விழுந்தான். உள்தாழ்ப்பாள் போட்டிருந்ததால் கதவை உடைக்க வேண்டியதாயிற்று. காலையில் கை உதறும் பிள்ளை இருந்தால் பெற்றோரிடம் சொல்லி நரம்பியல் டாக்டரிடம் அனுப்புங்கள், மூளையின் மின்துடிப்பைப் பதியும் இ.இ.ஜி. எடுத்துப் பார்ப்பார்கள். மாத்திரை சாப்பிடும் பிள்ளைக்கு மேல்கட்டில் ஒதுக்காதீர்கள். சின்ன வகுப்பில் பேசிக்கொண்டிருக்கும்போதே சில நொடி வெறித்துப் பார்த்து, பிறகு எதுவும் நடக்காததுபோல் தொடரும் பிள்ளையையும் கவனியுங்கள். அது வேறு வகை வலிப்பாக இருக்கலாம்.

வலிப்பு வந்தால் ஒருக்களித்துப் படுக்கவையுங்கள். கையில் இரும்புச் சாவி திணிப்பதால் ஒரு பயனும் இல்லை. வாயில் எதையும் வைக்கவே கூடாது. ஐந்து நிமிடத்தில் நிற்காவிட்டால் 108.

இன்னொன்றை மருந்துக்கடைக்காரனாகச் சொல்ல வேண்டும். மாத்திரை தீர்ந்துவிட்டதென்று வேறொரு பிள்ளையின் சீட்டைக் காட்டி, "இதுவும் பிட்ஸ் மாத்திரைதானே, கொடுங்கள்" என்று கேட்டு வராதீர்கள். சில வலிப்புக்கு நன்றாகக் கேட்கும் கார்பமாசெபின் இந்தக் கை உதறலைக் கூட்டிவிடலாம். வால்ப்ரோயேட் இதற்கு நல்ல மருந்துதான், ஆனால் பின்னாளில் கருவுற்றால் குழந்தையைப் பாதிக்கும் என்பதால் பெண்பிள்ளைகளுக்கு டாக்டர்கள் மிகவும் யோசித்துத்தான் எழுதுவார்கள். ஒரு வேளை மாத்திரையை விட்டாலே வலிப்பு வரலாம். ஸ்டடி ஹால் வருகைப் பதிவேட்டுக்குக் காட்டும் அக்கறையில் பாதியை இதற்குக் காட்டினால் போதும்.

பள்ளிப் பிள்ளைகளைப் பரிசோதிக்க 2013இல் தொடங்கிய ஆர்.பி.எஸ்.கே. திட்டம் அரசு, அரசு உதவிபெறும் பள்ளிகளுக்கு மட்டும்தான். உங்கள் விடுதிக்கு அந்த டாக்டர் குழு வராது. அங்கே பிள்ளையைக் காலையில் பார்ப்பவர் வார்டன் ஒருவர்தான்.

வலிப்பு என்று தெரிந்ததும் டி.சி. கொடுக்காதீர்கள். இந்த நோய் வந்த பெரும்பாலோருக்கு மருந்திலேயே கட்டுக்குள் நிற்கும், படிப்புக்குத் தடையில்லை. கல்யாணத்துக்குக் குறுக்கே நின்ற வலிப்பு என்ற சொல்லை இந்துத் திருமணச் சட்டத்திலிருந்தே 1999இல் எடுத்துவிட்டார்கள். அட்மிஷன் படிவத்தில் "வலிப்புக்கு மாத்திரை சாப்பிடுகிறாரா?" என்று ஒரு வரி சேர்த்து, ஆம் என்றாலும் இடம் உண்டு என்று அதன் கீழேயே அச்சடித்துவிடுங்கள்.

ஜூனில் புது அட்டவணை போடும்போது ஒரு பிரிவுக்கு மட்டுமாவது பெல்லை ஆறரைக்கு மாற்றிப் பாருங்கள். காலாண்டு மதிப்பெண் வந்ததும் மற்ற பிரிவோடு ஒப்பிட்டுக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
திருச்செங்கோட்டு மருந்துக்கடைக்காரன்