ராப் வரலாற்றில் ஹூஸ்டன் எங்கே?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ராப் இசை பற்றி ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரை நியூயார்க்கில் தொடங்கி லாஸ் ஏஞ்சலஸில் முடிந்துவிட்டது. அமெரிக்காவின் தென் மாநிலங்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. 1990களில் டெக்சாஸ் மாநிலத்தின் ஹூஸ்டன் நகர அரசுப் பள்ளிகளில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவள் என்பதால் இதை எழுதுகிறேன்.

1986இல் ஹூஸ்டனின் ஃபிஃப்த் வார்டில் ராப்-எ-லாட் ரெக்கார்ட்ஸ் என்ற இசைப் பதிவு நிறுவனம் தொடங்கியது. குத்துச்சண்டை வீரர் ஜார்ஜ் ஃபோர்மன் வளர்ந்த, நாடாளுமன்ற உறுப்பினர் பார்பரா ஜோர்டன் பிறந்த கறுப்பின மக்களின் பகுதி அது. நெடுஞ்சாலைகளைக் குறுக்கே போட்டு அதைத் துண்டாக்கியிருந்தார்கள். பழைய கார் வியாபாரம் செய்துவந்த ஜேம்ஸ் பிரின்ஸ், தம்பி தெருச் சகவாசத்தில் கெட்டுப்போகக் கூடாதென்று அவனுடைய ராப் ஆசைக்குப் பணம் போட்டு இந்த நிறுவனத்தைத் தொடங்கினார். தெற்கத்திப் பேச்சை நியூயார்க் கம்பெனிகள் மதிக்காத காலம். அதனால் எல்லாவற்றையும் ஊரிலேயே கட்டியெழுப்பினார்.

அவருடைய நிறுவனத்தின் கெட்டோ பாய்ஸ் என்ற ராப் குழுவின் 1990 ஆல்பத்தை விநியோகிக்க கெஃபன் நிறுவனம் மறுத்தது. அதில் பெண்களைப் பற்றி வரும் வரிகளை என்னால் இன்றும் ஏற்க முடியாது. ஆனால் அடுத்த வருடமே அதே குழு ‘மைண்ட் பிளேயிங் ட்ரிக்ஸ் ஆன் மி’ பாடலைத் தந்தது. பாடகர் ஐசக் ஹேய்ஸின் பழைய கிடார் இசைத் துண்டின் மேல், பயமும் பிரமையும் ஆட்டிவைக்கும் மனிதர்களின் கதை. முரட்டு ஆண்கள் தங்கள் மனநோயைப் பற்றி அவ்வளவு வெளிப்படையாகப் பாடி அதற்கு முன் நான் கேட்டதில்லை. அமெரிக்கப் பாடல்களைத் தரவரிசைப்படுத்தும் பில்போர்டு பட்டியலில் 23ஆம் இடம் வரை போனது.

என் வகுப்புப் பையன்கள் பேசியதெல்லாம் பாட்டைப் பற்றி மட்டுமல்ல. சொந்தமாக கேசட் போட்ட ஒருவன் நோட்டைக் கொண்டுவந்து காட்டினான்: ஸ்டுடியோ வாடகை, கேசட் அடிக்கும் செலவு, கடைக்காரர் எடுக்கும் பங்கு. கணக்குச் சரியா மிஸ் என்று கேட்டான். சதவீதம் என்றாலே ஓடியவன் அவன்! உள்ளூர்க்காரர் ஒருவர் முதலாளியாகி ஜெயித்ததைப் பார்த்த பிள்ளைகளுக்கு அந்தக் கணக்கு சொந்த விஷயமாகிவிட்டது.

அப்புறம் நியூ ஆர்லியன்ஸில் 1991இல் தொடங்கிய கேஷ் மணி என்ற ராப் நிறுவனம், 1998இல் பெரிய இசை நிறுவனமான யுனிவர்சலுடன் ஒப்பந்தம் போட்டபோது மாஸ்டர் பதிவுகளின், அதாவது பாடல்களின் மூல ஒலிப்பதிவுகளின், உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை. கெட்டோ பாய்ஸ் குழுவின் ராப் பாடகர் ஸ்கார்ஃபேஸ் பின்னாளில் டெஃப் ஜாம் இசை நிறுவனத்தின் தெற்குக் கிளையான டெஃப் ஜாம் சவுத்துக்குத் தலைமை ஏற்று, அட்லாண்டாவின் ராப் பாடகர் லூடாக்ரிஸைக் கொண்டுவந்தார்.

கட்டுரையாளர் தொடர்ந்து எழுதினால் தெற்குக்குத் தனியாக ஒரு பகுதி ஒதுக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். ராப் உலகின் துப்பாக்கிச் சூடுகளோடு நிறுத்திவிடாமல், யார் கையில் எந்த உரிமை இருந்தது, லாபத்தை எப்படிப் பிரித்துக்கொண்டார்கள் என்பதையும் அவர் எழுத வேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கணித ஆசிரியை,
ஹூஸ்டன், டெக்சாஸ்