ஓடி வர இடம் கொடுத்தவர்களுக்கு

காசிமேடு, புது வண்ணாரப்பேட்டை, தண்டையார்பேட்டைப் பக்கத்து அண்ணன், அக்கா, அத்தை, மாமா எல்லாருக்கும் வணக்கம்.

நம்ம பிள்ளைகளில் ஒருத்தி, வேகப்பந்து போடுகிறவள், மாநில அளவிலான பயிற்சி முகாமுக்குத் தேர்வாகியிருக்கிறாள். போன வாரம்தான் தகவல் வந்தது. பெயர் போட வேண்டாம் என்று அவள் அம்மா கேட்டுக்கொண்டதால் போடவில்லை. ஆனால் உங்களில் பாதிப் பேருக்கு அவளைத் தெரியும். காசிமேட்டில் விடியற்காலை ஏலத்தில் மீன் எடுத்துவந்து விற்கிற அக்காவின் மகள். நான்கு வருடமாக அவளுக்கும் மற்ற பதினொரு பிள்ளைகளுக்கும் காலையில் பந்துவீச்சு சொல்லித் தருகிறவள் என்ற முறையில் இந்த மடலை எழுதுகிறேன்.

பேட்டிங்கைச் சந்துக்குள்ளேயே பழகலாம். சுழற்பந்தைக்கூட மொட்டை மாடியில் பழகிவிடலாம். வேகப்பந்துக்கு இடம் வேண்டும். ஆடுகளமே 22 கஜம். அதற்குப் பின்னால் ஓடி வர பதினைந்து பதினாறு எட்டு, அந்தப் பக்கம் கீப்பர் தள்ளி நிற்க இன்னும் கொஞ்சம். நம்ம தெருக்களில் ஆட்டோ திரும்பவே இடம் கிடையாது. 2024இல் அமெரிக்காவில் நடந்த உலகக் கேரம் போட்டியில் மூன்று தங்கம் வாங்கி வந்த காசிமா நம்ம வடசென்னைப் பெண். அவர் உழைப்பு சாதாரணமானது இல்லை. ஆனால் கேரம் பலகையை வீட்டுக்குள் வைத்துவிடலாம். வேகப்பந்து வீசுகிற பிள்ளைக்கு ஊர் மனசு வைத்தால்தான் இடம் கிடைக்கும்.

எங்களுக்கும் அது சுலபமாகக் கிடைக்கவில்லை. ஒரு மைதானத்தில் மூன்று வாரம் பயிற்சி எடுத்தோம். நான்காவது வாரம் வாசலிலேயே நிறுத்தி, பெண் பிள்ளைகள் வேண்டாம், பிரச்சினை வரும் என்று சொல்லிவிட்டார்கள். என்ன பிரச்சினை என்று கடைசி வரைக்கும் சொல்லவில்லை. அன்றைக்கு அந்தப் பன்னிரண்டு பிள்ளைகளும் கிட் பையைத் தூக்கிக்கொண்டு பேசாமல் வீட்டுக்கு நடந்ததை நான் மறக்க மாட்டேன்.

அப்போது வந்து நின்றவர்கள் தண்டையார்பேட்டை டீம் தம்பிகள். ஞாயிறு முழுக்க அவர்கள் ஆடுகிற மண் தரை அது. "காலையில ஆறுல இருந்து எட்டு வரைக்கும் நீங்க எடுத்துக்கங்க அக்கா, நாங்க அப்புறம் வரோம்" என்றார்கள். சொன்னதோடு நிற்காமல், சனிக்கிழமை சாயங்காலமே கல் பொறுக்கி, தண்ணீர் தெளித்து வைத்தார்கள். ஓடி வரும் வழியில் இருந்த பள்ளத்தை மண் போட்டு மூடியதும் அவர்கள்தான். தம்பிகளா, அந்த இரண்டு மணி நேரம் இல்லையென்றால் நான் இந்த மடல் எழுத வேலையே இல்லை.

அடுத்தது காசிமேட்டு அண்ணன்கள். வலை கட்டாமல் பயிற்சி செய்தால் பாதி நேரம் பந்தைத் தேடுவதிலேயே போகும். கடையில் விலை கேட்டேன், நமக்குக் கட்டுப்படியாகவில்லை. ஏப்ரல் 15இலிருந்து ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கரையில் நிற்கும், வருமானமும் நின்றுபோகும். கையில் காசில்லாத அந்த 61 நாட்களில்தான் இவர்கள் பழைய வலைகளை எடுத்து, கிழிசலை எல்லாம் ஊசி போட்டுப் பின்னி, இரண்டு பக்கமும் பின்னாலும் கட்டுகிற அளவுக்கு எங்களுக்குத் தைத்துக் கொடுத்தார்கள். கூலி பேசினேன், வாங்கவில்லை. மூன்று மழைக்காலம் பார்த்துவிட்டது, இன்னும் ஒரு கண்ணிகூட விடவில்லை.

பெரியமேட்டில் விளையாட்டுச் சாமான் கடை வைத்திருக்கும் பாய்க்கும் கடன்பட்டிருக்கிறோம். பெண்கள் ஆடும் பந்து 140இலிருந்து 151 கிராம் வரைதான் இருக்கும். ஆண்களுடையது 156 கிராமில் தொடங்கும். சின்ன விரல்களுக்கு அந்த வித்தியாசம் பெரிது. எல்லாக் கடையிலும் ஆண்கள் பந்துதான் நீட்டுவார்கள். பாய் மட்டும் தராசில் வைத்துக் காட்டி, சரியான பந்தை வரவழைத்து, அசல் விலைக்கே தந்தார்.

கல்மண்டபம் பக்கம் செருப்பு தைக்கிற பெரியவரைச் சொல்லாமல் விட முடியாது. வலது கையால் வேகப்பந்து போடுகிறவர்கள் பந்தை விடும்போது வலது காலின் நுனி தரையில் இழுபடும். இரண்டு மாதத்தில் ஷூவின் மூக்கு ஓட்டையாகிவிடும். புது ஷூ வாங்க அவள் அம்மாவால் முடியாது. பெரியவர் அவளை ஒருமுறை ஓடி வந்து காட்டச் சொன்னார். பார்த்துவிட்டு, நுனியில் தடித்த தோலை வைத்துத் தைத்துக் கொடுத்தார். அந்த ஷூவை ஒன்றரை வருடம் போட்டாள்.

முதுகு வலி என்று அவள் உட்கார்ந்தபோது, ஒரு நாளைக்கு 36 பந்துக்கு மேல் போடக் கூடாது என்று என்னைக் கண்டித்த பிசியோதெரபி அக்காவுக்கும் நன்றி. அவர் சொன்னது சரி. நான்தான் அவசரப்பட்டேன்.

போன வருடம் பத்தாம் வகுப்பு நேரத்தில் அவள் விட்டுவிடுகிறேன் என்றாள். அப்போது நான் இந்திய வேகப்பந்து வீராங்கனை ஜூலன் கோஸ்வாமியைப் பற்றிச் சொன்னேன். மேற்கு வங்கத்தில் சக்தஹா என்ற சிற்றூரிலிருந்து கொல்கத்தாவுக்கு விடியற்காலை லோக்கல் ரயில் பிடித்துப் பயிற்சிக்குப் போனவர். 1997 பெண்கள் உலகக் கோப்பை இறுதிப் போட்டியில், ஈடன் கார்டனில் எல்லைக்கோட்டில் நின்று பந்து பொறுக்கிக் கொடுத்த பெண். நான்கே வருடத்தில், 2002 ஜனவரியில், இந்தியாவுக்காக முதல் ஒருநாள் போட்டி ஆடினார். அது நடந்தது நம்ம சென்னையில். அப்போது நானும் பள்ளிக்கூடத்தில்தான் இருந்தேன். இங்கே இப்படி ஒரு போட்டி நடக்கிறது என்று எங்கள் தெருவில் ஒருவருக்கும் தெரியாது. தெரிந்திருந்தால் எப்படியாவது போயிருப்பேன் என்று இன்றைக்கும் தோன்றுகிறது.

இருபது வருடம் ஓடி வந்தார். ஒருநாள் போட்டிகளில் மட்டும் பத்தாயிரத்துக்கும் மேல் பந்து வீசி, 255 விக்கெட். 2006இல் இங்கிலாந்தில் டான்டன் டெஸ்டில் பத்து விக்கெட். 2017 உலகக் கோப்பை இறுதியில் லார்ட்ஸில் 23 ரன் கொடுத்து மூன்று விக்கெட், ஆனாலும் ஒன்பது ரன்னில் தோற்றோம். 2022 செப்டம்பரில் அதே லார்ட்ஸில் ஓய்வு பெற்றார், கையில் உலகக் கோப்பை இல்லாமல்.

"நம்ம ஊர்ல யாரும் இல்லையா அக்கா?" என்று கேட்டாள். பதில் சொன்னவர் எங்களுக்கு விதிமுறை சொல்லித்தர வரும் ஓய்வுபெற்ற அம்பயர் ஐயா. 2014இல் இங்கிலாந்தில் உள்ள வார்ம்ஸ்லியில், எட்டு வருடம் கழித்து இந்தியப் பெண்கள் டெஸ்ட் ஆடியபோது, சென்னையைச் சேர்ந்த நிரஞ்சனா நாகராஜன் 19 ரன்னுக்கு நான்கு விக்கெட் எடுத்து இங்கிலாந்தை 92 ரன்னில் சுருட்டினார், அந்த டெஸ்டை நாம் ஜெயித்தோம் என்று கதை மாதிரி சொன்னார். மறுநாள் ஆறு மணிக்கு எனக்கு முன்னால் அவள் வந்து நின்றாள். ஐயா, அன்றைக்கு நீங்கள் வந்தது பெரிய உதவி.

2024 ஜூன் 30, ஞாயிற்றுக்கிழமை, பன்னிரண்டு பேரையும் சேப்பாக்கத்துக்கு அழைத்துப்போன வேன் அண்ணனுக்கும், காலை இட்லி கட்டிக் கொடுத்த அக்காவுக்கும் நன்றி. தென்னாப்பிரிக்கா 266க்கு ஆட்டமிழந்ததை நேரில் பார்த்தார்கள். நம்ம இந்திய அணியின் சுழற்பந்து வீராங்கனை ஸ்நே ராணா அந்த இன்னிங்ஸில் எட்டு விக்கெட். பெண்கள் டெஸ்ட் ஆடுவதை எங்கள் பிள்ளைகள் கண்ணால் பார்த்தது அதுதான் முதல்முறை.

அப்புறம் 2025 நவம்பர் 2. தெருவில் வேட்டி கட்டி, புரொஜெக்டர் வைத்து பெண்கள் உலகக் கோப்பை இறுதிப் போட்டி போட்ட தம்பிகளே, அந்த இரவை எப்படிச் சொல்வேன்? நாம் ஜெயித்த பிறகு, வீராங்கனைகள் கோப்பையைக் கொண்டுபோய் ஜூலன் கையில் கொடுத்தார்கள். அவர் அழுதார். இவள் என் தோளைப் பிடித்துக்கொண்டு அழுதாள். மீன் கூடையை அப்போதுதான் கழுவி வைத்துவிட்டு வந்த அவள் அம்மா, யார் என்ன என்று எதுவும் கேட்காமல் பக்கத்தில் உட்கார்ந்து மகளின் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தார்.

முகாமுக்கு அவள் கிளம்புகிறாள். மற்ற பதினொரு பேருக்கும் வழக்கம்போல ஞாயிறு காலை ஆறு மணிக்குப் பயிற்சி உண்டு. பின்பக்க வலையின் கயிறு மட்டும் தளர்ந்திருக்கிறது, காசிமேட்டு அண்ணன் யாராவது வந்து பார்த்தால் நல்லது. போன மழைக்கு ஆடுகளத்தை மூடக் கொடுத்த நீலத் தார்ப்பாயைக் கழுவிக் காயவைத்து மடித்து வைத்திருக்கிறேன். டீக்கடை அத்தை எப்போது வேண்டுமானாலும் வீட்டுக்கு வந்து வாங்கிக்கொள்ளலாம்.

அன்புடன்,
பிள்ளைகளின் பயிற்சியாளர் அக்கா