கேலரிக்குக் கீழே உள்ள கிளப் அறையைத் திறந்துவிடக் கோரி மீண்டும் ஒரு மனு

அனுப்புநர்: செயலாளர், ஓட்ட மற்றும் தடகளக் கிளப்
பெறுநர்: விளையாட்டுத் துறை அலுவலர் அவர்கள்
பொருள்: மழைநீர் ஒழுகும் அறையில் உள்ள கிளப் பதிவேடுகளை மீட்க அனுமதி வேண்டுதல்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். மைதானத்தின் கிழக்குக் கேலரி, அதன் படிக்கட்டை ஒட்டிய இரும்புக் கதவு, எல்லாம் தாங்கள் பார்த்த இடம்தான். கேலரி பராமரிப்பு வேலை தொடங்கியபோது அந்த அறையின் சாவியை அலுவலகத்தில் ஒப்படைத்தோம். வேலை பாதியில் நின்றது, சாவி திரும்பி வரவில்லை. முன்பு கொடுத்த மனுக்களுக்கு ரசீது கிடைத்தது, பதில்தான் கிடைக்கவில்லை. ஆகவே கீழ்க்கண்டவற்றைத் தங்கள் பார்வைக்கு வைக்கிறோம்.

1. அறைக்குள் இருப்பவை போட்டி முடிவு ரிஜிஸ்டர்கள், கூட்டக் குறிப்பேடுகள், புகைப்படங்கள். வேறு எங்கும் நகல் இல்லை.

2. பழைய ரிஜிஸ்டர்களில் தூரம் கெஜத்தில் இருக்கும். 440 கெஜம் என்றால் 402.336 மீட்டர், இன்றைய 400 மீட்டரைவிடக் கொஞ்சம் கூடுதல். நேரமெல்லாம் ஸ்டாப்வாட்ச்சில் கையால் எடுத்தது. மின்னணு நேரத்தோடு ஒப்பிட்டால் 100 மீட்டரில் ஏறக்குறைய கால் நொடி குறைவாகக் காட்டும், அதனால்தான் 1977 முதல் குறுந்தூர உலக சாதனைகளுக்குக் கைநேரத்தை ஏற்பதில்லை. எது கெஜம், எது மீட்டர், எது கைநேரம் என்று ஓரத்தில் எழுதி வைத்த குறிப்புகள் அழிந்துவிட்டால், மிச்சமுள்ள எண்களை வைத்துக்கொண்டு யாரும் எதையும் ஒப்பிட முடியாது.

3. பெண்களின் பக்கங்கள். 1928 ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில் பெண்களுக்கு 800 மீட்டர் நடத்திவிட்டு, அவர்களால் தாங்காது என்று எடுத்துவிட்டார்கள். திரும்ப வந்தது 1960 ரோம் ஒலிம்பிக்கில். மாரத்தான் வந்தது 1984-ல். அந்த இடைக்காலத்திலும் எங்கள் கிளப்பில் பெண்கள் நீண்ட தூரம் ஓடினார்கள் ஐயா, போட்டி என்று பெயர் வைக்காமல், பயிற்சிக் கணக்கில். அதை யாரோ ஒருவர் பென்சிலால் குறித்து வைத்திருக்கிறார். பென்சில் எழுத்து கரையாது என்பார்கள், ஆனால் தாளே கூழாகிப் போனால் என்ன மிஞ்சும்?

4. கூரை ஒழுகுகிறது. போன மழையில் கதவுக்கு அடியிலிருந்து தண்ணீர் வெளியே வந்தது, அதில் நீல மை கலந்திருந்தது. அது யாருடைய பெயர், எந்த வருடத்து ஓட்டம்? எங்களுக்குத் தெரியாது, இனித் தெரியவும் போவதில்லை. ஜன்னல் வழியாகப் பார்த்தால் கீழ் அலமாரி முழுக்கப் பூஞ்சை. பதக்கம் வாங்கியவருக்கு வீட்டில் பதக்கம் இருக்கிறது, ஆனால் நான்காவதாக வந்தவருக்கு, ஹீட்ஸ் எனும் தகுதிச் சுற்றில் வெளியேறியவருக்கு, தான் ஓடினேன் என்பதற்கு அந்த ரிஜிஸ்டரில் உள்ள ஒரு வரிதான் சாட்சி. வயதானவர்கள் பேரப்பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு அந்த வரியைக் காட்ட வருகிறார்கள். பூட்டைக் காட்டி அனுப்புகிறோம். எத்தனை பேரை இப்படி அனுப்புவது?

5. கேட்டால் பொருள் பட்டியல் தயாராகவில்லை என்கிறார்கள், அப்புறம் ஃபைல் வேறு பிரிவில் இருக்கிறது என்கிறார்கள். சரி, பட்டியலை நாங்களே எழுதித் தருகிறோம். உங்கள் ஊழியர் ஒருவர் பக்கத்தில் நிற்கட்டும், ஒவ்வொன்றுக்கும் கையெழுத்துப் போட்டே எடுக்கிறோம். இதற்கு மேல் என்னதான் வேண்டும்?

6. 1868-ல் லண்டனில் தொடங்கிய தேம்ஸ் ஹேர் அண்ட் ஹவுண்ட்ஸ் என்ற ஓட்டக் கிளப் இன்றும் ஓடுகிறது. எங்கள் கிளப்பும் ஓடும், காலையில் பிள்ளைகள் வந்துகொண்டுதான் இருக்கிறார்கள். அவர்களுக்கு முன்னால் இதே டிராக்கில், அது செயற்கைத் தளமாக மாறுவதற்கு முன் சாம்பல் கரித்தூள் தளமாக இருந்தபோது, குழி தோண்டிக் கால் வைத்துப் புறப்பட்டவர்கள் யார் என்று கேட்டால் சொல்ல ஒரு தாளாவது வேண்டாமா?

கூரையைச் சரிசெய்ய நிதி இல்லை என்றால் அதை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். நாங்கள் கேட்பது சாவியை மட்டும்தான். ஒரு நாள் கதவைத் திறந்துவிட்டால் போதும், தூக்கிச் செல்ல ஆட்கள் இருக்கிறார்கள், வைக்க ஈரமில்லாத இடமும் இருக்கிறது. அடுத்த மழைக்கு முன் திறந்துவிடுங்கள் ஐயா. தயவுசெய்து திறந்துவிடுங்கள்.

இப்படிக்கு,
கிளப் உறுப்பினர்கள் சார்பில்,
செயலாளர்