குறிப்புகளை அச்சிடும் முன்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் இதழின் வீட்டுக் குறிப்புப் பகுதியை விடாமல் படிப்பவள் நான். "கறை போக இதையும் அதையும் கலந்து தேயுங்கள்" என்று ஒரு குறிப்பு வரும்போதெல்லாம் எனக்குப் பகீரென்கிறது.

பிளீச்சிங் பவுடரோடு கழிப்பறை கழுவும் ஆசிட் சேர்ந்தால் குளோரின் வாயு கிளம்பும். முதல் உலகப் போரில், 1915இல், வீரர்களைக் கொல்ல ஏவிவிட்ட அதே வாயு. காற்றைவிடக் கனமானது என்பதால் தரையோடு தங்கும். தேய்ப்பவரோ குனிந்து, அதற்கு நேரே மூக்கை வைத்திருப்பார். ஜன்னலும் சாத்தியிருந்தால் கேட்கவே வேண்டாம். ஆசிட்டுக்குப் பதில் வினிகர் ஊற்றினாலும் குளோரின்தான் வரும். இரண்டுமே கடையில் சாதாரணமாகக் கிடைப்பவை, அதனால் யாருக்கும் சந்தேகம் எழுவதில்லை.

அதைவிட என்னைப் பதற வைப்பது பட்டன் பேட்டரி, அதாவது சட்டைப் பொத்தான் போல வட்டமாக இருக்கும் சின்ன பேட்டரி. ரிமோட், எடைக் கருவி, பாட்டுப் பாடும் வாழ்த்து அட்டை, பொம்மை என்று எதில்தான் இல்லை? குழந்தை அதை விழுங்கி, உணவுக்குழாயில் சிக்கிக்கொண்டால், ஈரத்தில் மின்சாரம் பாய்ந்து காரம் உண்டாகிச் சதையை அரிக்கத் தொடங்கும். 2 மணி நேரத்துக்குள்ளேயே கடுமையான புண் ஏற்பட்டுவிடலாம். தீர்ந்துவிட்டது என்று கழற்றி மேசைமேல் போடுகிறோமே, அதிலும் அந்த அளவு மின்சாரம் மிச்சமிருக்கும். விழுங்கியதை யாரும் பார்க்கவில்லையென்றால் இருமலும், எச்சில் வடிவதும், சாப்பாட்டைத் தள்ளிவிடுவதும் வெறும் சளித் தொல்லையாகவே தோன்றும். சந்தேகம் வந்தாலே போதும்; வாந்தி எடுக்க வைக்க முயலாமல், எக்ஸ்ரே வசதியுள்ள மருத்துவமனைக்கு உடனே தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். இதைப் பொம்மைப் பெட்டியின் அடியில் எறும்பெழுத்தில் அச்சிட்டால் எந்தத் தாய் படிப்பாள்?

சாப்பாட்டு விஷயமும் உண்டு. ராஜ்மாவை ஊறவைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் குறைந்தது 10 நிமிடமாவது தளதளவென்று கொதிக்கவிட வேண்டும். மிதமான சூட்டில் அரைவேக்காடாக வெந்தால், பச்சையாக இருப்பதைவிட நச்சு கூடிவிடலாம். ஒரு வயது நிறையாத குழந்தையின் நாக்கில் தேன் தடவவே கூடாது.

வாசகர் குறிப்புகளை நிறுத்தச் சொல்லவில்லை. வேதியியல் தெரிந்தவர் ஒருவரிடமும் மருத்துவர் ஒருவரிடமும் காட்டிவிட்டு அச்சிடுங்கள். எதை எதோடு சேர்க்கக் கூடாது, எதைக் குழந்தை கையில் கொடுக்கக் கூடாது என்று அதே பக்கத்தில் இதழ்தோறும் ஒரு கட்டம் போடுங்கள். முதல் கட்டம் பட்டன் பேட்டரிக்காக இருக்கட்டும்.

இப்படிக்கு,
தங்கள் வாசகி